ஐந்தாவது மனுதாரர்

பெரியக்கா என்று அவளுக்குப் பெயர் விழுந்தது ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியில்தான். மற்றவர்கள் எல்லாம் பள்ளிப்படிப்பை முடித்த கையோடு பதினெட்டு வயதில் வந்து சேர்ந்தவர்கள். அவள் முப்பது வயதில், மகளை இரண்டாம் வகுப்பில் விட்டுவிட்டு, லிப்ட் மெக்கானிக்கான கணவனிடம் ஒரு வருடம் மல்லுக்கட்டிச் சம்மதம் வாங்கிக்கொண்டு வந்தவள். முதல் நாள் அவள் உள்ளே நுழைந்ததும் வகுப்பே எழுந்து நின்று வணக்கம் சொன்னது. புது விரிவுரையாளர் என்று நினைத்துவிட்டார்கள். அவள் நேராகப் போய்க் கடைசி பெஞ்சில் உட்கார்ந்துகொண்டு, "உட்காருங்க பிள்ளைங்களா" என்றாள். அன்றைக்கு ஒட்டிக்கொண்ட பெயர்.

இரண்டாம் ஆண்டில் மழை பெய்தது. ஆறு கரையை உடைத்துக்கொண்டு வந்து கல்லூரியின் தரைத்தளத்தில் இடுப்பளவு நின்றது. சுற்றியிருந்த பள்ளிக்கூடங்களில் வீடிழந்தவர்கள் மாதக்கணக்கில் தங்கினார்கள். வகுப்பறையில் நின்று பாடம் நடத்திப் பழக வேண்டிய இருபது வாரத்தில் பதினோரு வாரம்தான் தேறியது. அப்போது ஆசிரியர் கல்வி வாரியமே பரவாயில்லை என்று சொல்லி எல்லாருக்கும் சான்றிதழ் கொடுத்தது. அதை வைத்துக்கொண்டு பெரியக்கா ஓர் அரசுப் பள்ளியில் தற்காலிக ஆசிரியையாகச் சேர்ந்தாள். ஒன்றாம் வகுப்பு. தற்காலிகமாகவே ஒன்பது வருடம் ஓடிப்போனது.

ஒன்பதாம் வருடக் கடைசியில் வாரியம் புதிய ஒழுங்குமுறை விதிகளைக் கொண்டுவந்தது. இருபது வாரப் பயிற்சி முடிக்காதவர்களின் சான்றிதழ் செல்லாது. முன்பே வாங்கியவர்களுக்கும் இது பொருந்தும். வேலையில் தொடர வேண்டுமானால் இரண்டு வருடப் படிப்பை முதலிலிருந்து மறுபடி படிக்க வேண்டும். அந்தப் படிப்பில் சேர வயது வரம்பு முப்பத்தைந்து. பெரியக்காவுக்கு அப்போது நாற்பத்தொன்று.

"ஒன்பது வருஷமா வகுப்புல நின்னு தொண்டை கிழியக் கத்திக்கிட்டிருக்கேன். அது சேராதாம். விட்டுப்போன ஒன்பது வாரம்தான் பெருசாம். வருஷத்துக்கு ஒரு வாரம்னு கழிச்சிருந்தாக்கூடச் சரியாப் போயிருக்குமே!" என்று அவள் சொல்லிச் சிரித்தாள். ஆனால் அந்த வாரம் முழுக்க அவளுக்குச் சோறு இறங்கவில்லை.

வழக்குப் போடலாம் என்று முதலில் சொன்னது ஒல்லி. அவனும் அதே கல்லூரி, அதே வருடம். காற்றடித்தால் கம்பத்தைப் பிடித்துக்கொள்வான் என்று கேலி செய்வார்கள்; ஆனால் பேச்சில் ஆள் கெட்டி. அவன் இன்னும் மூன்று பேரைச் சேர்த்தான். ஒருத்தி டிராயிங், எதைச் சொன்னாலும் படம் போட்டுக் காட்டுவாள், அப்போது கைக்குழந்தைக்காரி. மற்ற இருவரை இரட்டையர் என்பார்கள். அவர்கள் உறவே இல்லை. ஒருத்தி நெட்டை, ஒருத்தி குட்டை. ஆனால் ஒருத்தி தும்மினால் இன்னொருத்தி மூக்கைத் துடைப்பாள்.

"வயசுல பெரியவங்க பேர் முதல்ல இருந்தா நல்லா இருக்கும்க்கா" என்றான் ஒல்லி.

"கல்யாணப் பத்திரிகையாடா இது?" என்று கேட்டுவிட்டு அவள் முதல் ஆளாகக் கையெழுத்துப் போட்டாள். முதல் மனுதாரர் ஆனாள்.

இரண்டே வாரத்தில் இடைக்காலத் தடை கிடைத்தது. வழக்கு முடியும்வரை ஐந்து பேரையும் வேலையிலிருந்து நீக்கக் கூடாது என்று நீதிமன்றம் சொன்னது. அதன் பிறகு வாய்தா, வாய்தா, வாய்தா. நீதிபதி விடுப்பு, எதிர்த்தரப்பு வக்கீலுக்கு உடம்பு சரியில்லை, கோப்பு வேறு அறைக்குப் போய்விட்டது. மூன்று வருடம் அப்படியே போனது. அதில் யாருக்கும் வருத்தமில்லை. வழக்கு நடந்துகொண்டிருக்கும்வரை வகுப்பும் நடந்துகொண்டிருந்தது. பெரியக்காவுக்கு ஒரு கட்டத்தில் வழக்கு இருப்பதே மறந்துபோனது. அவளுக்கு முப்பத்தெட்டு பிள்ளைகள் இருந்தார்கள். அவர்களில் யாருக்கு எந்தப் பல் ஆடுகிறது என்பது வரைக்கும் அவளுக்குத் தெரிந்திருக்க வேண்டியிருந்தது.

வக்கீலம்மா ஐந்து பேரையும் உடனே வரச் சொல்லி அழைத்தது ஒரு சனிக்கிழமை. மூக்குக்கண்ணாடிக் கடைக்கு மேலே, இரண்டாம் மாடியில் அவருடைய அலுவலகம். நாற்காலிகளின் மேலெல்லாம் கோப்புகள். அவற்றைத் தூக்கித் தரையில் வைத்துவிட்டுத்தான் உட்கார வேண்டும். வக்கீலம்மாவுக்கு வருடம் முழுக்க ஜலதோஷம். மூக்கை உறிஞ்சிக்கொண்டே ஆரம்பித்தார்.

"வாரியம் அந்த விதிகளை மொத்தமா மாத்தப் போறாங்க. வரைவு வந்திருச்சு."

"அப்ப நாம ஜெயிச்ச மாதிரிதானே?" என்றான் ஒல்லி.

"இல்லை. புது வரைவுலயும் அந்த இருபது வாரம் அப்படியே இருக்கு. ஆனா ஒரு வரி புதுசாச் சேர்த்திருக்காங்க. பாடம் நடத்துன அனுபவத்தை வாரியம் 'கருத்தில் கொள்ளலாம்'னு. கொள்ளலாம்னா கொள்ளாமலும் இருக்கலாம். இருந்தாலும் நமக்குப் பிடிச்சுக்க ஏதோ ஒண்ணு கிடைச்சிருக்கு. இப்ப இருக்கற மனு பழைய விதியை எதிர்த்துப் போட்டது. இதை வச்சுக்கிட்டுப் புது விதியைப் பத்திப் பேச முடியாது. அதுவும் இல்லாம, இப்ப உட்கார்ந்திருக்கற நீதிபதி இதே மாதிரி ரெண்டு மனுவைப் போன மாசம் தள்ளுபடி பண்ணிட்டார். நம்மளுதும் தள்ளுபடியானா கதவு மூடினது மூடினதுதான். மறுபடி போக முடியாது."

"அதனால?" என்று கேட்டாள் நெட்டை.

"அதனால மனுவை நாமே வாபஸ் வாங்கிக்கலாம். பின்னாடி புதுசா மனு போட அனுமதி கேட்டுட்டு வாங்கிக்கலாம். புது விதி வெளியானதும், நல்லாத் தயார் பண்ணி மறுபடி வரலாம்."

எல்லாரும் மூச்சு விட்டார்கள். பெரியக்கா மட்டும் கேட்டாள்.

"அந்தத் தடை?"

வக்கீலம்மா கைக்குட்டையை மடித்து மேசைமேல் வைத்தார்.

"மனு இல்லைன்னா தடையும் இல்லைம்மா. வாபஸ் வாங்கின நாளோட அது போயிடும். அஞ்சு பேரும் பள்ளிக்கூடத்தை விட்டு வெளிய வர வேண்டியிருக்கும். ஜெயிச்சப்புறம் திரும்பச் சேரலாம்."

"புது விதி எப்ப வரும்?"

"ஒரு வருஷம் ஆகலாம். கூடவும் ஆகலாம். அதுக்கப்புறம் வழக்கு."

வேலையை விட்டு வெளியே வந்த ஆசிரியர்களை நாற்பத்தைந்து வயதுக்கு மேல் திரும்பச் சேர்க்க விதி இல்லை. அது அந்த அறையில் இருந்த எல்லாருக்கும் தெரியும். மற்ற நால்வருக்கும் முப்பத்திரண்டு. பெரியக்காவுக்கு நாற்பத்து நாலு முடிந்து நாலு மாதம் ஆகியிருந்தது. டிராயிங் தலையைக் குனிந்துகொண்டாள். குட்டை நெட்டையின் கையைப் பிடித்துக்கொண்டாள். கீழே கண்ணாடிக் கடையில் யாரோ எழுத்துகளை ஒவ்வொன்றாக உரக்கப் படிக்கும் சத்தம் கேட்டது.

"நான் மட்டும் வாபஸ் வாங்காம இருந்தா?" என்றாள் பெரியக்கா.

"இருக்கலாம். அது உங்க உரிமை. உங்களோட மனு மட்டும் நடக்கும். எனக்குத் தெரிஞ்சு, அடுத்த வாய்தாலயே தள்ளுபடியாகும். பத்துல ஒரு பங்கு ஜெயிக்கவும் வாய்ப்பு இருக்கு, இல்லைன்னு சொல்ல மாட்டேன்." வக்கீலம்மா கொஞ்சம் தயங்கினார். "ஆனா உங்களுது தள்ளுபடியானா, அந்தத் தீர்ப்பைத்தான் நாளைக்கு இவங்க நாலு பேருக்கும் எதிராக் கொண்டுவந்து நீட்டுவாங்க. அதையும் சொல்லிடணும் இல்லையா?"

சொல்லிவிட்டார். பெரியக்கா திங்கட்கிழமை பதில் சொல்வதாகச் சொல்லிவிட்டு எழுந்தாள். நாற்காலிமேல் இருந்த கோப்புகளை எடுத்து மறுபடி நாற்காலியிலேயே வைத்துவிட்டு வந்தாள்.

வீட்டில் அன்றைக்குக் கணவனும் மகளும் இருந்தார்கள். மகளுக்கு இருபத்தொரு வயது. ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் வேலை. முழுக்கதையையும் கேட்டுவிட்டு மகள்தான் முதலில் வெடித்தாள்.

"போடாதே. வாபஸுக்குக் கையெழுத்துப் போடவே போடாதே. பத்துல ஒண்ணுன்னாலும் அது உன் ஒண்ணு. அவங்களுக்கு இன்னும் பதிமூணு வருஷம் இருக்கு. உனக்கு எட்டு மாசம். இதுல யோசிக்க என்ன இருக்கு?"

"என் மனு தோத்தா அவங்க நாலு பேருக்கும்..."

"நாலு பேருக்கு நல்லவளா இருக்கணும்னே பொறந்தவ நீ! நான் ரெண்டாங்கிளாஸ் படிக்கறப்ப என்னைப் பக்கத்து வீட்டுல விட்டுட்டுப் படிக்கப் போனியே, அப்ப யாரையாவது பார்த்தியா? அப்ப இருந்த அந்தப் பிடிவாதம் எங்க போச்சு?"

பெரியக்காவுக்குச் சுருக்கென்றது. அதை மகள் இத்தனை வருடம் மனசில் வைத்திருப்பாள் என்று அவள் நினைக்கவில்லை. ஆனால் மகள் குற்றமாகச் சொன்னாளா, பெருமையாகச் சொன்னாளா என்றும் புரியவில்லை. கணவன் நடுவில் வந்தார். அவர் அதிகம் பேசாத மனிதர். நாள் முழுக்க லிப்ட் குழிக்குள் தனியாக நின்று வேலை செய்து அப்படி ஆகிவிட்டது என்று அவளே சொல்வாள்.

"உனக்கு என்ன தோணுது, அதைச் சொல்லு" என்றார்.

"எனக்கு அந்த வகுப்பு வேணும்னு தோணுது."

"சரி, அப்ப போடாதே."

"ஆனா போடாம இருந்துட்டு அவங்க மூஞ்சில முழிக்க முடியாதுங்க."

"அப்ப போடு."

"என்னங்க நீங்க!"

"நான் என்னத்தைச் சொல்றது? ரெண்டுலயும் உனக்கு நஷ்டம்தான். எதைத் தாங்குவேன்னு உனக்குத்தான் தெரியும்."

திங்கட்கிழமை பள்ளி விட்டதும் வாசலில் ஒல்லி நின்றிருந்தான். அவனுடைய பள்ளி ஊரின் மறுகோடியில். அரைநாள் விடுப்புப் போட்டுவிட்டு வந்திருந்தான். பிள்ளைகள் அவனைச் சுற்றிக்கொண்டு ஓடினார்கள்.

"அக்கா, நாங்க நாலு பேரும் பேசிக்கிட்டோம். நீங்க வேணாம்னா வேணாம். யாரும் வாபஸ் வாங்கலை. நடக்கறது நடக்கட்டும்."

"டிராயிங்கும் ஒத்துக்கிட்டாளா?"

"ஒத்துக்கிட்டா."

"அழுதாளா?"

ஒல்லி ஓடுகிற பிள்ளைகள் பக்கம் முகத்தைத் திருப்பிக்கொண்டான். டிராயிங்கின் புருஷனுக்குப் போன வருடம்தான் வேலை போயிருந்தது. அவர்கள் வீட்டில் அவள் ஒருத்தியின் சம்பளம்.

"டேய், அஞ்சு பேரும் சேர்ந்து குழியில குதிக்கறதுக்குப் பேரு ஒத்துமை இல்லை" என்றாள் பெரியக்கா. "வக்கீலம்மாகிட்டச் சொல்லிட்டேன், மத்தியானமே. வாபஸ் வாங்கிக்கலாம்னு."

"அக்கா..."

"எனக்குத் தியாகி பட்டம் எதுவும் கட்டிவிட்டுடாதே. எனக்கு உள்ளுக்குள்ள வயிறு எரியுது. உங்க வயசைப் பார்த்தா பொறாமையா இருக்கு. நேத்து முழுக்க உங்க நாலு பேரையும் மனசுக்குள்ள திட்டிக்கிட்டுத்தான் இருந்தேன். போ, பஸ்ஸைப் பிடி."

அவன் போன பிறகும் அவள் வெகுநேரம் வாசலிலேயே நின்றாள். சொன்னது அத்தனையும் உண்மை. உண்மையைச் சொல்லிவிட்டால் பாரம் குறையும் என்பார்கள். குறையவில்லை.

அடுத்த புதன்கிழமை வழக்கு வந்தது. மூன்று வருடத்தில் அவள் நீதிமன்ற அறைக்குள் உட்கார்ந்தது அதுவே முதல் தடவை. இதுவரை வந்த வாய்தாக்களுக்கெல்லாம் வகுப்பை விட்டுவிட்டு வர மனம் வந்ததில்லை. இன்றைக்கு வந்தே தீர வேண்டும் என்று தோன்றியது. அறையில் மின்விசிறி சத்தம்தான் பெரிதாகக் கேட்டது. அவர்களுடைய எண்ணை அழைத்ததும் வக்கீலம்மா எழுந்து, மூக்கை ஒரு தடவை உறிஞ்சிக்கொண்டு பேசினார்.

"மனுவை வாபஸ் பெற விரும்புகிறோம். புதிய விதிகள் வந்த பின் மறுபடி மனுச் செய்ய அனுமதி வேண்டும்."

நீதிபதி எதிர்த்தரப்பைப் பார்த்தார். வாரியத்தின் வக்கீல் பாதி எழுந்து, "ஆட்சேபணை இல்லை" என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தார். அவர் முழுசாக எழக்கூட இல்லை.

"மனுதாரர்கள் எல்லாரும் சம்மதித்துத்தானே?"

"ஆமாம்."

நீதிபதி ஏதோ எழுதச் சொன்னார். அடுத்த எண்ணை அழைத்தார்கள். பெரியக்கா இன்னும் ஏதோ இருக்கும் என்று உட்கார்ந்திருந்தாள். ஒல்லி வந்து தோளைத் தொட்டு, "முடிஞ்சிருச்சுக்கா" என்றான்.

"இவ்வளவுதானா?"

"இவ்வளவுதான்."

ஒன்றாம் வகுப்பில் ஒரு பிள்ளைக்குச் செருப்பு வாரை மாட்டிவிடக்கூட அதைவிட அதிக நேரம் ஆகும்.

அவள் நேராகப் பள்ளிக்குப் போனாள். மதிய இடைவேளை முடிந்திருந்தது. தலைமையாசிரியை அவளைத் தன் அறைக்கு அழைத்தார். நல்ல மனுஷி, ஆனால் மேலிருந்து வரும் காகிதத்துக்குக் கீழே கையெழுத்துப் போடுவதைத் தவிர வேறு வழியில்லாதவர்.

"அலுவலகத்துலேருந்து போன் வந்திருச்சு டீச்சர். நாளையிலேருந்து..." அவர் முடிக்கவில்லை. "இன்னிக்கு நீங்க இருக்கலாம். இன்னிக்குக் கணக்கு இன்னிக்குத்தானே."

"நாளைக்கு யார் வருவாங்க?"

"ரெண்டாம் வகுப்பு டீச்சரையே சேர்த்துப் பார்த்துக்கச் சொல்லியிருக்கேன். நீங்க பிள்ளைங்களைப் பத்தி ஏதாவது எழுதிக் கொடுத்துட்டுப் போனா நல்லா இருக்கும்."

அன்றைய மதியம் அவள் பிள்ளைகளுக்கு வரையக் கொடுத்துவிட்டு உட்கார்ந்து எழுதினாள். ஜன்னலோரப் பையனுக்குத் தூரப் பார்வை மங்கல், முன்னால் உட்கார வைக்கவும். ரெட்டைச் சடைப் பெண் வாய் திறந்து கேட்க மாட்டாள், மணிக்கு ஒரு தடவை நாமே கழிப்பறைக்கு அனுப்ப வேண்டும். இவள் இடது கைக்காரி, மாற்றச் சொல்ல வேண்டாம். இவன் திருடவில்லை, அடுத்தவன் பென்சிலைத் தன்னுடையது என்று உண்மையாகவே நினைக்கிறான். இவளுடைய அம்மா ஊரில் இல்லை, அம்மா படம் போடச் சொல்லும் நாட்களில் கவனம். எழுத எழுத வந்துகொண்டே இருந்தது. நான்கு பக்கம் ஆயிற்று. முப்பத்தெட்டு பேரில் இருபத்தொன்பது பேர் வரைக்கும் வந்தபோது கடைசி மணி அடித்துவிட்டது.

பிள்ளைகள் எல்லா நாளும் ஓடுவது போல ஓடினார்கள். அவர்களிடம் அவள் எதுவும் சொல்லவில்லை. என்னவென்று சொல்வது? நீதிமன்றம் என்றால் என்ன என்று கேட்பார்கள். ஒரே ஒரு பெண் மட்டும் வாசல்வரை போய்த் திரும்பி வந்தாள். பெரியக்கா பேனாவை வைத்துவிட்டு எழுந்தாள். அந்தப் பெண் தண்ணீர் பாட்டிலை எடுத்துக்கொண்டு மறுபடி ஓடினாள்.

காலி வகுப்பில் உட்கார்ந்து மீதி ஒன்பது பேரைப் பற்றியும் எழுதி முடித்து, தாள்களைத் தலைமையாசிரியையின் மேசையில் வைத்துவிட்டு வீட்டுக்குப் போனாள்.

அதன் பிறகு ஒரு கண் மருத்துவமனையில் வேலைக்குச் சேர்ந்தாள். வருகிறவர்களின் பெயரை எழுதி, டோக்கன் கொடுத்து, எண்ணைக் கூப்பிட்டு உள்ளே அனுப்பும் வேலை. குரல் நன்றாக இருக்கிறது, கடைசி வரிசைவரை கேட்கிறது என்று மருத்துவர் பாராட்டினார். ஒல்லி ஒரு பொருட்கிடங்கில் வேலை பார்த்தான். டிராயிங் கடைகளுக்குப் பெயர்ப்பலகை எழுதினாள். இரட்டையர் ஒரே துணிக்கடையில் சேர்ந்தார்கள். அதில் யாருக்கும் ஆச்சரியமில்லை.

அவளுடைய நாற்பத்தைந்தாவது பிறந்தநாள் ஒரு செவ்வாய்க்கிழமை வந்தது. கணவர் அன்றைக்கு வேலைக்குப் போகவில்லை. காரணம் கேட்டதற்கு, "சும்மாத்தான்" என்றார். கல்யாணமாகி இத்தனை வருடத்தில் அவர் சும்மா விடுப்பு எடுத்து அவள் பார்த்ததில்லை. வீட்டில் இருந்த எல்லாக் கதவுகளின் கீலுக்கும் எண்ணெய் போட்டார். மகள் காலையில் ஒரு முத்தம் கொடுத்துவிட்டு வேலைக்குப் போனாள். அதற்கு மூன்று மாதம் கழித்துப் புதிய விதிகள் வெளியாயின.

வக்கீலம்மா சொன்ன சொல்லைக் காப்பாற்றினார். மறுமாதமே புது மனுத் தயாரானது. இந்தத் தடவை ஒல்லி முதல் மனுதாரர்.

"உங்க வயசு விஷயம் தனிக் கோரிக்கை. அதை முதல்ல வச்சா மத்தவங்களுதையும் அதே கண்ணாலதான் பார்ப்பாங்க. அதனால உங்களைக் கடைசியா வச்சிருக்கேன்" என்றார் வக்கீலம்மா. "வயசு தாண்டுனது உங்க தப்பு இல்லை, வழக்கும் விதியும் இழுத்தடிச்சதாலதான்னு கேட்டிருக்கேன். நம்பிக்கையா இருங்கன்னு சொல்ல மாட்டேன். கேட்டுப் பார்ப்போம்."

பெரியக்கா ஐந்தாவது மனுதாரராகக் கையெழுத்துப் போட்டாள்.

வேறு நீதிபதி. ஏழே மாதத்தில் தீர்ப்பு வந்தது. முதல் நான்கு பேரும் ஜெயித்தார்கள். அவர்கள் பாடம் நடத்திய வருடங்களையே பயிற்சியாக எடுத்துக்கொள்ள வேண்டும், அடுத்த கல்வியாண்டின் தொடக்கத்தில் வேலைக்குத் திரும்பச் சேர்க்க வேண்டும் என்று உத்தரவு. நீதிமன்றத் தாழ்வாரத்தில் இரட்டையர் ஒருவரை ஒருவர் கட்டிக்கொண்டார்கள். பிறகு பெரியக்காவைப் பார்த்ததும் கையை எடுத்துவிட்டார்கள். அதுதான் அவளுக்குத் தாங்கவில்லை.

"கட்டிக்கங்கடி. நான் என்ன பேயா?" என்றாள். அவளே போய் டிராயிங்கைக் கட்டிக்கொண்டாள். டிராயிங் அவள் தோளில் முகத்தைப் புதைத்துக்கொண்டு, "மன்னிச்சிருங்கக்கா, மன்னிச்சிருங்கக்கா" என்று சொல்லிக்கொண்டே இருந்தாள்.

தீர்ப்பின் நகலை மகள்தான் வீட்டில் வைத்துப் படித்தாள். ஐந்தாவது மனுதாரரைப் பற்றி ஒரே ஒரு பத்தி இருந்தது. அவருடைய பன்னிரண்டு ஆண்டுக்காலக் கற்பித்தல் அனுபவம் பாராட்டத்தக்கது என்று தொடங்கியது. "எனினும்" என்று அடுத்த வரி. முந்தைய மனுவை மனுதாரர்கள் யாருடைய வற்புறுத்தலும் இன்றித் தாமாகவே முன்வந்து திரும்பப் பெற்றுள்ளனர். அப்போது ஐந்தாவது மனுதாரர் வயது வரம்புக்குள் இருந்தார். எனவே இடைப்பட்ட காலத்தில் வயது கடந்ததற்கு வாரியத்தைப் பொறுப்பாக்க முடியாது. அவருடைய கோரிக்கை நிராகரிக்கப்படுகிறது.

மகள் தாளைக் கீழே வைத்தாள். "தாமாகவே முன்வந்து" என்று பல்லைக் கடித்துக்கொண்டு இன்னொரு முறை சொன்னாள்.

"சரியாத்தானே எழுதியிருக்கார்" என்றாள் பெரியக்கா. "நானாத்தானே சொன்னேன், வாபஸ் வாங்கிக்கலாம்னு."

"மேல்முறையீடு பண்ணலாம்னு வக்கீலம்மா சொன்னாங்க இல்ல?"

"சொன்னாங்க. நான் மேல போனா வாரியமும் கூடவே வரும். நாலு பேருக்குக் கொடுத்ததையும் மறுபடி கிளறுவாங்க. வேணாம்."

"மறுபடியும் அவங்களுக்காகவா?"

"இல்லைடி. சத்தியமா இல்லை. என்னால முடியலை." அப்போதுதான் அவள் குரல் உடைந்தது. "அந்த வகுப்புல இருந்த பிள்ளைங்க எல்லாம் இப்ப மூணாம் வகுப்பு போகப் போறாங்க. என் பேரே மறந்திருக்கும். இனிமே எந்த வகுப்புக்காக நான் மேல போறது?"

பன்னிரண்டு வருடமாக, பிள்ளைகள் முன்னால் அழக் கூடாது என்று பழகிப் பழகி, அவளுக்கு அழுவதே வராமல் போயிருந்தது. அன்றைக்கு வந்தது. மகள் எழுந்து வந்து பக்கத்தில் உட்கார்ந்து, அம்மாவின் தலையைத் தன் மடியில் சாய்த்துக்கொண்டாள். வேலை முடிந்து வந்த கணவர் வாசலில் செருப்பைக் கழற்றியபடி இருவரையும் பார்த்தார். சத்தம் போடாமல் அடுப்படிக்குள் போய்ச் சோறு வடித்தார். அவர் வடித்த சோறு குழைந்துபோயிருந்தது. மூவரும் அதைச் சாப்பிட்டார்கள்.

பள்ளிகள் திறந்த நாளன்று காலையில் அவளுடைய கைபேசிக்குப் படங்கள் வந்தன. டிராயிங் கரும்பலகை முழுக்க மீன் வரைந்திருந்தாள். இரட்டையரை ஒரே பள்ளியில் போடவில்லை. இருவரும் தனித்தனியாக அழுத முகத்தோடு படம் அனுப்பியிருந்தார்கள். பெரியக்கா மூவருக்கும் பதில் போட்டாள். கைபேசியை மேசை இழுப்பறைக்குள் வைத்து மூடினாள். அன்றைக்கு மருத்துவமனையில் கூட்டம் அதிகம்.

ஒல்லி படம் எதுவும் அனுப்பவில்லை. மாலை நாலரை மணிக்கு நேரிலேயே வந்தான். சட்டைக் கையில் சாக்பீஸ் தூள். நோயாளிகள் உட்காரும் வரிசையில், சொட்டு மருந்து போட்டுக்கொண்டு கண்ணை மூடியிருந்தவர்களுக்கு நடுவில் ஒரு நாற்காலியில் உட்கார்ந்தான். அவள் ஒரு இடைவெளியில் எழுந்து அவன் பக்கத்தில் போய் நின்றாள்.

"எத்தனை பிள்ளைங்கடா?"

"முப்பத்தொண்ணு."

"எத்தனை பேர் அழுதாங்க?"

"நாலு பேர். ஒருத்தன் பகல் முழுக்க."

"முதல் நாளைக்கு நாலுன்னா பரவாயில்லை."

அவன் குனிந்துகொண்டான். அந்த ஒடிசலான முதுகு குலுங்கியது. பக்கத்திலிருந்த முதியவர் மூடிய கண்ணோடு முகத்தைத் திருப்பி, "தம்பிக்கு ரொம்ப எரியுதாம்மா?" என்று கேட்டார்.

"ஆமாங்க, கொஞ்சம் எரியுது. சரியாப் போயிடும்" என்றாள் பெரியக்கா. பிறகு ஒல்லியிடம் குனிந்து, "கண்ணாஸ்பத்திரியில உட்கார்ந்து அழுதா இன்னும் ரெண்டு சொட்டு மருந்து போட்டுவிட்டுடுவாங்க. முகத்தைத் துடை" என்றாள்.

அவன் துடைத்துக்கொண்டான்.

"நான் முடிச்சுட்டு வர அரைமணி ஆகும். பதினோரு பேர் பாக்கி. இருப்பியா?"

"இருக்கேன்க்கா."

அவள் மேசைக்குத் திரும்பிப் போய், சீட்டைப் பார்த்து, கடைசி வரிசைவரை கேட்கும்படி அடுத்த எண்ணைக் கூப்பிட்டாள்.